அலெக் கின்னஸ்

சர் அலெக் கின்னஸ் (ஏப்ரல் 2, 1914 – ஆகஸ்ட் 5, 2000) மேடை, திரை, தொலைக்காட்சி மூன்றிலும் முத்திரை பதித்த ஆங்கில நடிகர். லண்டனில் பிறந்தார், பிறப்புச் சான்றில் தந்தை பெயர் இல்லை. விளம்பர நிறுவனமொன்றில் வாசகம் எழுதிப் பிழைத்துவந்த அவருக்கு நடிப்பில் வழி திறந்துவிட்டவர் நடிகர் ஜான் கீல்குட். 1934இல் தம் ‘ஹாம்லெட்’ நாடகத்தில் ஆஸ்ரிக் என்ற சிறு வேடம் தந்தார். நான்கே ஆண்டுகளில் ஓல்டு விக் அரங்கில் ஹாம்லெட்டாகவே நின்றார் கின்னஸ். போர்க்காலத்தில் கடற்படையில் சேர்ந்து, 1943 சிசிலிப் படையெடுப்பில் தரையிறங்கு கலமொன்றை நடத்திச் சென்றார்.

டேவிட் லீன் இயக்கத்தில் ஆறு படங்களில் நடித்தார். ‘ஆலிவர் ட்விஸ்ட்’ (1948) படத்தில் ஃபேகின் என்ற யூதர் வேடத்துக்காக ஒட்டிய பெரிய மூக்கு யூதர்களைப் புண்படுத்தியது; அமெரிக்காவில் அப்படம் 1951இல்தான், அதுவும் வெட்டுகளோடு, வெளியானது. ‘எ பாசேஜ் டு இந்தியா’வில் (1984) கோட்போலே என்ற இந்தியராக வேடமிட்டதும் தவிர்த்திருக்க வேண்டிய ஒன்றே. இடையில் ‘கைண்ட் ஹார்ட்ஸ் அண்ட் கோரனட்ஸ்’ (1949) படத்தில் ஒரே பிரபுக் குடும்பத்தின் எட்டுப் பேராக வந்தார். அவர்களில் ஒருவர் பெண். எட்டு வேடத்துக்கும் எட்டு நடை.

‘தி பிரிட்ஜ் ஆன் தி ரிவர் குவாய்’ (1957) இலங்கையின் கித்துல்கலையில் படமானது. படத்தின் களமான சயாம் மரண ரயில் பாதையில் மடிந்த மலாயாத் தமிழர்களுக்கு அக்கதையில் இடமில்லை; அது பெருங்குறை. ஆனால் அவர் நடித்த கர்னல் நிக்கல்சன் இரும்புக் கூண்டிலிருந்து வெளியே வரும் காட்சியை மறக்க முடியாது. கால்கள் தள்ளாடுகின்றன, முதுகு மட்டும் வளைய மறுக்கிறது. இளம்பிள்ளை வாதத்திலிருந்து மீண்டுவந்த தம் மகனின் நடையையே அதற்கு எடுத்துக்கொண்டார். சிறந்த நடிகருக்கான ஆஸ்கர் கிடைத்தது. 1959இல் சர் பட்டம். 1964இல் பிராட்வேயில் கவிஞர் டிலன் தாமஸாக நடித்து டோனி விருது.

‘ஸ்டார் வார்ஸ்’ (1977) பெரும் பணத்தையும், அவர் விரும்பாத வகைப் புகழையும் கொண்டுவந்தது. அவருடைய உச்சம் அதுவல்ல. பிபிசியின் ‘டிங்கர் டெய்லர் சோல்ஜர் ஸ்பை’ (1979), ‘ஸ்மைலீஸ் பீப்பிள்’ (1982) தொடர்களில் வரும் உளவதிகாரி ஜார்ஜ் ஸ்மைலிதான். எதிரே இருப்பவர் பேசப் பேச, ஸ்மைலி கேட்டுக்கொண்டே இருப்பார். மூக்குக் கண்ணாடியைக் கழற்றுவார், துடைப்பார், மறுபடி மாட்டுவார். அவ்வளவில் விசாரணை முடிந்திருக்கும். இரு தொடர்களுக்கும் பாஃப்டா விருது பெற்றார்.