இருபது இலட்சம் எடுத்தால் எவ்வளவு கட்டி முடிப்போம்? வீட்டுக் கடனின் முழுக் கணக்கு

வாழைச்சேனை, கல்குடா, கிரான் பக்கங்களில் ‘வீட்டு லோன் எவ்வளவு?’ என்று கேட்டால் இரண்டு எண்களில் ஒன்று பதிலாக வரும். ஒன்று வங்கி கொடுத்த தொகை. மற்றது மாதம் கட்டுகிற தொகை. எல்லாம் முடிந்து உறுதி திரும்பிக் கைக்கு வரும் நாளில் மொத்தமாக எவ்வளவு கட்டியிருப்போம் என்பதுதான் மூன்றாவது எண். கடன் எடுத்தவர்களில் பலருக்கு அது தெரியாது. வங்கியில் கேட்டால் சொல்வார்கள். ஆனால் கேட்காதவரிடம் அதை முதலில் எடுத்துச் சொல்லும் வழக்கம் இல்லை.

நமது பகுதியில் இந்தக் கணக்குக்குத் தனிக் கனம் உண்டு. மட்டக்களப்பில் வீடு பெண்பிள்ளைக்குப் போகிற சொத்து. தாயின் வீடு மகளுக்கு, மகளின் வீடு அவளுடைய மகளுக்கு என்பதே வழக்கம். ஆகவே 20 ஆண்டுக் கடன் என்பது எடுத்தவரோடு முடிகிற விடயமல்ல. இன்று ஐந்து வயதாயிருக்கும் பிள்ளையின் கலியாணம் பேசும் நாளிலும் அந்த உறுதி வங்கிப் பெட்டிக்குள்தான் கிடக்கும். ஈட்டில் இருக்கும் வீட்டை வங்கியின் சம்மதமில்லாமல் மகளின் பெயருக்கு மாற்ற முடியாது.

இன்னொன்று, இங்கே பல குடும்பங்கள் வெறுங்கையோடு கடனுக்குப் போனவையல்ல, அரைகுறை வீட்டோடு போனவை. 2004 ஆழிப்பேரலைக்குப் பின் முற்றாக அழிந்த வீட்டுக்கு அரசு கொடுத்த உதவி 2.5 இலட்சம் ரூபா. 2012இல் தொடங்கிய இந்திய வீட்டுத் திட்டத்தின் பெரிய கட்டத்தில் ஒரு வீட்டுக்கு 5.5 இலட்சம். இரண்டுமே படிப்படியாகக் கொடுக்கப்பட்டவை: அத்திவாரம் போட்டால் ஒரு பகுதி, சுவர் எழும்பினால் அடுத்தது. சீமெந்தும் மணலும் ஓடும் விலையேற, அடுத்த பகுதியை வாங்குவதற்காகவே கைமாற்று வாங்கியவர்கள், தாலிக்கொடியை அடகு வைத்தவர்கள் எத்தனையோ பேர். இலவச வீடு என்று வெளியே பெயர். வீட்டுக்குள்ளே கடன் கொப்பி.

எண்களைப் போட்டுப் பார்ப்போம்

20 இலட்சம் ரூபா, ஆண்டு வட்டி 12 சதவீதம், 20 ஆண்டு. கணக்குக்கு இலகுவாக இருக்கட்டும் என்று இந்த வீதத்தை எடுத்திருக்கிறோம். உங்கள் வங்கியின் வீதம் கூடவோ குறையவோ இருக்கலாம். மாதத் தவணை 22,022 ரூபா வரும். 240 மாதங்களில் மொத்தம் கட்டுவது ஏறத்தாழ 52 இலட்சத்து 85 ஆயிரம். அதில் வட்டி மட்டும் 32 இலட்சத்து 85 ஆயிரம். ஒரு வீட்டுக்குக் கடன் வாங்கி, இரண்டரை வீட்டுக் காசைக் கட்டுகிறோம்.

எப்படி இவ்வளவு வருகிறது? முதல் மாதத்தை மட்டும் பாருங்கள். 20 இலட்சத்துக்கு மாத வட்டி ஒரு சதவீதம், அதாவது 20,000 ரூபா. நீங்கள் கட்டிய 22,022 இல் 20,000 வட்டிக்குப் போய்விடும். முதலில் கழிவது 2,022 ரூபா மட்டும். அடுத்த மாதம் வட்டி 20 ரூபா குறையும், முதலில் கழிவது 20 ரூபா கூடும். அவ்வளவு மெதுவாகத்தான் தொடங்கும்.

ஐந்து ஆண்டு ஒரு மாதமும் தவறாமல் கட்டினால் 13 இலட்சத்து 21 ஆயிரம் ரூபா கட்டியிருப்பீர்கள். மிச்சக் கடன் எவ்வளவு? 18 இலட்சத்து 35 ஆயிரம். முதலில் குறைந்தது ஒரு இலட்சத்து 65 ஆயிரம் மட்டுமே. பாதிக் கடன், அதாவது 10 இலட்சம், தீர்வதற்கு ஏறக்குறைய 15 ஆண்டு செல்லும். ‘பத்து வருசம் கட்டிட்டம், பாதி முடிஞ்சிருக்கும்’ என்று நினைத்து வங்கிக்குப் போகிறவர்களுக்கு அங்கே 15 இலட்சத்துக்கு மேல் மிச்சம் காட்டப்படுவது இதனால்தான். இதில் மோசடி எதுவுமில்லை, குறைந்து செல்லும் மிகுதிக்கு வட்டி போடும் எந்தக் கடனும் இப்படித்தான் நடக்கும்.

இதே கடனை 15 ஆண்டில் முடிப்பதென்றால் தவணை 24,003 ரூபா. மாதம் இரண்டாயிரம் ரூபாதான் கூட. ஆனால் மொத்த வட்டி 23 இலட்சத்து 20 ஆயிரமாக இறங்கும். ஒன்பதரை இலட்சத்துக்கு மேல் மிச்சம். தவணையைக் குறைத்துக் காட்ட ஆண்டைக் கூட்டும் யோசனையை யாராவது முன்வைத்தால், அந்த ஒன்பதரை இலட்சத்தைக் கேளுங்கள்.

முன்கூட்டிக் கட்டுவதன் பலனும் பெரிது. முதல் ஆண்டு முடிவில் பெரும்போக அறுவடைக் காசிலோ வெளிநாட்டிலிருந்து வந்த காசிலோ ஒரு இலட்சத்தை மேலதிகமாகக் கட்டி, தவணையை மாற்றாமல் விட்டால், கடன் மூன்று ஆண்டு முந்தி முடியும். மிச்சமாகும் வட்டி ஏறத்தாழ 7 இலட்சம். அதே ஒரு இலட்சத்தைப் பத்தாம் ஆண்டு முடிவில் கட்டினால் குறைவது 14 மாதம். ஆகவே சீட்டுக் காசு கிடைத்தால் முதல் ஆண்டுகளிலேயே கட்டுவது நல்லது. ஒரு எச்சரிக்கை: மேலதிகமாகக் கட்டும்போது ‘முதலில் கழிக்கவும், தவணைக் காலத்தைக் குறைக்கவும்’ என்று எழுத்தில் கொடுங்கள். இல்லாவிட்டால் அது வரப்போகும் தவணைகளுக்கான முற்பணமாகப் பதியப்படக்கூடும். முன்கூட்டித் தீர்ப்பதற்குக் கட்டணம் உண்டா என்பதைக் கையெழுத்திட முன்னரே கேட்க வேண்டும்.

மாறும் வட்டி என்ற ஒரு வரி

மேலே உள்ள கணக்கெல்லாம் வட்டி 20 ஆண்டும் அசையாமல் நின்றால் மட்டும். பல ஒப்பந்தங்களில் வீதம் சில ஆண்டுகளுக்கே நிலையானது. பிறகு சராசரி நிறையேற்றப்பட்ட முதன்மைக் கடன்வழங்கல் வீதம் என்ற ஒன்றோடு இத்தனை சதவீதம் கூட்டி, மூன்று அல்லது ஆறு மாதத்துக்கு ஒருமுறை மாற்றப்படும் என்று எழுதியிருக்கும். வங்கிகள் தங்கள் சிறந்த வாடிக்கையாளருக்குக் கொடுக்கும் கடன் வட்டியின் சராசரி அது. பெயரை வாசித்து முடிப்பதற்குள் அலுவலர் அடுத்த பக்கத்தைத் திருப்பியிருப்பார்.

அந்த வரியின் விலை 2022இல் தெரிந்தது. அந்த ஆண்டு ஏப்ரல் 8ஆம் திகதி மத்திய வங்கி தன் கொள்கை வட்டி வீதங்களை ஒரே தடவையில் 7 சதவீதப் புள்ளிகளால் உயர்த்தியது. 2021 முடிவில் 9 சதவீதத்துக்குக் கீழே இருந்த அந்த முதன்மை வீதம் 2022 முடிவில் 27 சதவீதத்தைத் தொட்டது. ‘முதன்மை வீதம் கூட்டல் 3’ என்று எழுதி, உச்ச வரம்பு போடாத 20 இலட்சக் கடனுக்கு அந்த வீதத்தில் மாத வட்டி மட்டும் 50,000 ரூபா. பழைய தவணை வட்டிக்கே போதாது. கட்டக் கட்டக் கடன் வளரும். 2022 செப்டெம்பரில் கொழும்பு நுகர்வோர் விலைச் சுட்டெண்படி பணவீக்கம் 69.8 சதவீதமாக இருந்தது. அரிசிக்கே காசில்லாத மாதங்கள் அவை.

2023 யூனிலிருந்து மத்திய வங்கி வட்டியைக் குறைக்கத் தொடங்கியது. ஏறும்போது உடனே ஏறிய வீதம் இறங்கும்போது தாமதித்தது. கடைசியில் 2023 ஓகஸ்டில், கடன் வட்டியைக் குறைக்கும்படி வங்கிகளுக்கு மத்திய வங்கி உத்தரவே போட வேண்டி வந்தது. இப்போதும் பழைய உயர்ந்த வீதத்தில் கட்டிக்கொண்டிருப்பவர்கள், வீதத்தை மீளாய்வு செய்யக் கேட்டு வங்கிக்குக் கடிதம் கொடுக்கலாம்.

இது நம்முடைய கதை மட்டுமல்ல. கனடா மத்திய வங்கி 2022 மார்ச்சில் 0.25 சதவீதமாக இருந்த வீதத்தை 2023 யூலைக்குள் 5 சதவீதமாக்கியது. ரொறன்ரோவில் மாறும் வட்டியில் வீடு வாங்கிய நம்மவர்களும் அதில் அகப்பட்டார்கள். அங்கிருந்து வரும் காசை நம்பி இங்கே தவணை கட்டுகிறவர்கள் இரண்டு நாட்டு வட்டிக்கும் ஆளாகிறார்கள்.

நியாயமாக மறுபக்கத்தையும் சொல்ல வேண்டும். 2021இல் குறைந்த நிலையான வட்டியில் எடுத்தவர்களுக்கு அந்தப் பணவீக்கம் உதவியது. காசின் பெறுமதி விழ, அவர்களின் கடன் சுமையும் சேர்ந்து விழுந்தது. மாதச் சம்பளம் ஏறக்கூடிய ஆசிரியருக்கோ தாதிக்கோ இன்றைய 22,000 பத்து ஆண்டில் சிறிய தொகையாகலாம். நாட்கூலிக்கும் தோணிக்கும் போகிறவருக்கு அந்த உத்தரவாதம் இல்லை.

காகிதம் இல்லாதவரின் வட்டி

வங்கிக் கடனுக்கு முதலில் வேண்டியது வருமானமல்ல, உரித்து. உறுதி, நில அளவை வரைபடம், 30 ஆண்டு உரித்து ஆய்வு, பிரதேச சபையின் கட்டட அனுமதி, மதிப்பீட்டறிக்கை. இடம்பெயர்வில் உறுதி தொலைந்தவர்கள் காணிப் பதிவகத்தில் பிரதி எடுக்கலாம். ஆனால் இங்கே பலருடையது உத்தரவுப் பத்திரக் காணி. 1935ஆம் ஆண்டுக் காணி அபிவிருத்திக் கட்டளைச் சட்டத்தின் கீழ் வரும் அந்தக் காணியை விரும்பியபடி ஈடு வைக்க முடியாது. பிரதேச செயலாளரின் அனுமதி வேண்டும்.

இதன் விளைவு தலைகீழானது. காகிதம் உள்ளவருக்கு வங்கி வட்டி. இல்லாதவருக்கு நிதிக் கம்பனி, நுண்கடன், தனியார். வட்டி சொல்லும் முறையும் அங்கே வேறு. 3 இலட்சம், ஆண்டுக்கு 14 சதவீதம், மூன்று ஆண்டு என்று சொல்லி, முழுத் தொகைக்கும் மூன்று ஆண்டும் வட்டி போட்டு 4 இலட்சத்து 26 ஆயிரமாக்கி 36ஆல் பிரிப்பார்கள். நீங்கள் முதலைத் திருப்பிக்கொண்டே வருகிறீர்கள், வட்டியோ முழுத் தொகைக்கும் ஓடுகிறது. வங்கிக் கணக்கில் பார்த்தால் அது ஏறத்தாழ 24 சதவீதம். 14ஐயும் 12ஐயும் பக்கத்தில் வைத்து ‘இரண்டுதானே கூட’ என்று எண்ணுவதுதான் பெரிய ஏமாற்றம். ‘குறைந்து செல்லும் மிகுதிக்கா, முழுத் தொகைக்கா?’ என்ற ஒரு கேள்வி போதும்.

எல்லாவற்றிலும் ஆபத்தானது நிபந்தனை உறுதி. ஈடு என்று வாயால் சொல்லி, எழுத்தில் காணியைக் கடன் கொடுத்தவரின் பெயருக்கே மாற்றி, இன்ன திகதிக்குள் காசைக் கொடுத்தால் திருப்பி எழுதித் தருவதாக வைக்கும் முறை அது. திகதி தவறினால் காணி அவருடையது. பிறகு நம்பிக்கைப் பொறுப்புச் சட்டத்தின் கீழ் வழக்குப் போட இடமுண்டு, ஆனால் அது பல ஆண்டு இழுபடும். நொத்தாரிசின் முன் கையெழுத்திட முன்னர் ஆவணத்தின் தலைப்பை வாசியுங்கள்: ஈட்டு உறுதியா, கைமாற்றலா?

தவணைக்கு வெளியே உள்ள செலவுகள்

நொத்தாரிசுக் கட்டணம், மதிப்பீட்டாளர், பதிவுச் செலவு, ஆயுள் காப்புறுதி, வீட்டுக் காப்புறுதி. காப்புறுதிக் கட்டணத்தைக் கடனோடு சேர்த்தால் அதற்கும் 20 ஆண்டு வட்டி. வீட்டுக் காப்புறுதியில் வெள்ளமும் சூறாவளியும் உண்டா என்று பாருங்கள்; 1978ஐயும் 2011ஐயும் கண்ட ஊர் இது. கலவரம், பயங்கரவாதச் சேதம் தனியாகக் கேட்டுச் சேர்க்க வேண்டியவை. வீடு அழிந்தாலும் கடன் அழிவதில்லை.

ஊழியர் சேமலாப நிதியை வைத்து எடுக்கும் வீட்டுக் கடனும் உண்டு. கணக்கிலுள்ள தொகையில் 75 சதவீதம் வரை பிணையாகும். பாசிக்குடா விடுதிகளிலும் ஆடைத் தொழிற்சாலைகளிலும் வேலை செய்பவர்களுக்குக் காணிப் பத்திரம் இல்லாமலே கிடைக்கக்கூடிய வழி. தவணை தவறினால் அது சேமலாபத்திலிருந்து கழிக்கப்படும். யாரும் வந்து கதவைத் தட்டமாட்டார்கள், 55 வயதில் (பெண்களுக்கு 50) கணக்கைத் திறக்கும்போதுதான் குறைந்திருப்பது தெரியும்.

இனி, கட்ட முடியாமற்போனால் என்ன என்ற கேள்வி. 1990ஆம் ஆண்டின் 4ஆம் இலக்கச் சட்டப்படி வங்கிகள் நீதிமன்றம் போகாமலே ஈட்டுச் சொத்தை ஏலம் விடலாம். ‘பராட்டே’ என்று செய்திகளில் வருவது இதுதான். ஆனால் 2011இல் வந்த திருத்தம், எடுத்த முதல் 50 இலட்சம் ரூபாவுக்குக் குறைவான கடன்களுக்கு இந்த வழியைத் தடுத்தது. வாழைச்சேனையில் சாதாரணக் குடும்பம் எடுக்கும் வீட்டுக் கடன் அநேகமாக இந்த எல்லைக்குள்தான். அப்படியானால் வங்கி நீதிமன்றத்தின் ஊடாகவே வர வேண்டும். ஏலம் என்று தொலைபேசியில் பயமுறுத்தினால் இதைச் சொல்லலாம். அதற்காக நீதிமன்ற அழைப்பாணையைக் கட்டிலுக்கடியில் வைத்துவிட வேண்டாம். போகாவிட்டால் உங்கள் பக்கத்தைக் கேட்காமலே தீர்ப்பு வரும்.

நிலுவை தொடங்க முன்னர், முதல் தவணை தவறும் மாதத்திலேயே மீளட்டவணை கேட்பதுதான் மலிவான வழி. சலுகைக் காலம் என்றால் வட்டி நிற்கும் என்று அர்த்தமல்ல. அந்த மாதங்களின் வட்டி முதலோடு சேருமா என்று கேளுங்கள். இந்த இடத்தில்தான் பலர் தவணையைக் கட்ட நுண்கடன் எடுக்கிறார்கள். உரிமம் பெற்ற நிறுவனங்களின் நுண்கடனுக்கே மத்திய வங்கி வைத்த உச்ச வட்டி 35 சதவீதமாக இருந்தது. 12 சதவீதக் கடனைக் காப்பாற்ற 35 சதவீதத்தில் எடுப்பது, வீட்டைக் காப்பாற்றும் வழியாக நாம் கண்டதில்லை.

2023ஆம் ஆண்டின் நிதி நுகர்வோர் பாதுகாப்பு ஒழுங்குவிதிகளின் கீழ், கடனின் முக்கிய விபரங்களை எழுத்தில் கேட்கும் உரிமை உங்களுக்கு உண்டு. தமிழில் கேளுங்கள். முழுத் தவணை அட்டவணையையும் கேளுங்கள்: ஒவ்வொரு மாதமும் வட்டிக்கு எவ்வளவு, முதலுக்கு எவ்வளவு, மிகுதி எவ்வளவு. அதன் கடைசி வரியில் இருக்கிறது அந்த மூன்றாவது எண். வங்கியோடு தீராத முறைப்பாட்டை மத்திய வங்கியின் 1935 என்ற இலக்கத்துக்குச் சொல்லலாம்.

கடைசித் தவணை கட்டியதும் வேலை முடிந்துவிடாது. ஈட்டை விடுவிக்கும் ஆவணத்தை வங்கியிடமிருந்து பெற்று, மட்டக்களப்புக் காணிப் பதிவகத்தில் பதிய வேண்டும். பதியாவிட்டால் ஏட்டில் அந்த வீடு இன்னும் ஈட்டில்தான் இருக்கும். மகளுக்கு எழுதப் போகும் நாளில் நொத்தாரிசு அதைத்தான் முதலில் காட்டுவார்.