சேவ் ஃபைல் எங்கே போச்சு? – விளையாட்டுக் கணக்குப் புத்தகத்தின் வரலாறு

இந்த முறை வரலாறுதான். ஆனால் சோழர், பாண்டியர், பல்லவர் யாரும் வரமாட்டார்கள். கம்ப்யூட்டரில் விளையாடும் எல்லோரும் ஒரு நாளாவது தேடி அலைந்திருக்கும் ஒரு சின்னக் கோப்பின் வரலாறு. அதுதான் 'சேவ் ஃபைல்'.

நான் படிப்பது பி.காம். அதனால் எதைப் பார்த்தாலும் கணக்காகத்தான் தெரிகிறது. வருடக் கடைசியில் பேரேட்டை மூடி இறுதி இருப்பு எழுதுகிறோம். அதே தொகைதான் அடுத்த வருடத்தின் தொடக்க இருப்பு. அந்தப் பேரேடு தொலைந்தால் கடை இருக்கும், சரக்கு இருக்கும், ஆனால் யார் எவ்வளவு தரவேண்டும் என்பது போய்விடும். விளையாட்டிலும் அப்படித்தான். விளையாட்டை மறுபடி இன்ஸ்டால் செய்யலாம். நாற்பது மணி நேரம் உட்கார்ந்து விளையாடியதை எங்கிருந்து இன்ஸ்டால் செய்வது? அந்த நாற்பது மணி நேரம் முழுவதும் ஒரு குட்டிக் கோப்பில் இருக்கிறது. அந்தப் பேரேடு காலப்போக்கில் யார் யார் கைக்கு மாறியது என்பதுதான் இந்தக் கட்டுரை.

இருப்பே இல்லாத காலம்

1978ல் ஜப்பானின் டைட்டோ நிறுவனம் 'ஸ்பேஸ் இன்வேடர்ஸ்' வெளியிட்டது. அதில் அதிகபட்ச ஸ்கோர் திரையின் மேலே நிற்கும். அடுத்து வருபவர் அதை முறியடிக்க வேண்டும். ஆனால் மெஷினை அணைத்தால் அந்த ஸ்கோரும் போய்விடும். அன்றைய கணக்கு அன்றோடு சரி!

பல்கலைக்கழகப் பெரிய கணினிகளில் நிலைமை வேறு. அங்கே வட்டு இருந்தது. எழுத்தை மட்டும் வைத்து விளையாடும் 'சோர்க்' 1977ல் எம்.ஐ.டி.யில் பிறந்தது. 1980ல் இன்ஃபோகாம் நிறுவனம் அதை வீட்டுக் கணினிகளுக்குக் கொண்டுவந்தது. 'சேவ்' என்று டைப் செய்தால் சேமிக்கும், 'ரெஸ்டோர்' என்றால் விட்ட இடத்துக்குத் திரும்பும். இதற்குத் தனியாக ஒரு ஃப்ளாப்பி வைத்துக்கொள்ள வேண்டும். அந்த ஃப்ளாப்பி உங்கள் மேசை இழுப்பறையில் இருக்கும். இன்னொரு ஃப்ளாப்பியில் நகல் எடுத்தால் வேலை முடிந்தது.

அதே 1980 வாக்கில் யூனிக்ஸ் கணினிகளில் 'ரோக்' வந்தது. மைக்கேல் டாய், க்ளென் விக்மன் ஆகியோர் உருவாக்கியது. இதில் சேவ் செய்யலாம், ஆனால் திரும்ப ஏற்றியதுமே சேவ் கோப்பை அது அழித்துவிடும். செத்தால் செத்ததுதான், முதலிலிருந்து ஆரம்பிக்க வேண்டும். நம்மாட்கள் சும்மா இருப்பார்களா? கோப்பை முன்கூட்டியே நகல் எடுத்து வைத்தார்கள். உருவாக்கியவர்களோ, இது நகலா அசலா என்று பார்க்கும் சோதனையை உள்ளே வைத்தார்கள். கவனியுங்கள், 'பேக்அப்' எடுப்பது அந்த விளையாட்டில் கள்ளாட்டம்! சேவ் கோப்பு யாருக்குச் சொந்தம், விளையாடுபவருக்கா, உருவாக்கியவருக்கா என்ற சண்டை அப்போதே தொடங்கிவிட்டது.

பேப்பரில் எழுதிய பேரேடு

டிவியில் மாட்டி விளையாடும் கேட்ரிட்ஜ்களில் எழுதி வைக்க இடமே கிடையாது. அதனால் பாஸ்வேர்ட் முறை வந்தது. 1986ல் ஜப்பானில் வந்த 'டிராகன் குவெஸ்ட்' உங்கள் நிலையை 20 எழுத்து மந்திரமாக மாற்றிக் கொடுத்தது. அடுத்த பாகத்தில் அது 52 எழுத்து வரை நீண்டது. நோட்டில் எழுதி வைத்துக்கொண்டு, அடுத்த நாள் ஒவ்வொரு எழுத்தாக உள்ளிட வேண்டும். ஒரே ஒரு எழுத்து மாறினாலும் செல்லாது. கணக்கில் ஒரு பூஜ்யம் விட்டால் இருப்புநிலைக் குறிப்பு டேலி ஆகாதே, அந்தக் கதைதான்.

அடுத்த வழி பேட்டரி. 1987ல் வட அமெரிக்காவில் வந்த 'லெஜண்ட் ஆஃப் செல்டா' கேட்ரிட்ஜுக்குள் சின்ன பேட்டரி ஒன்று இருந்தது. மின்சாரம் நின்றாலும் நினைவகத்தை அது உயிரோடு வைத்திருந்தது. பேட்டரி தீர்ந்தால் சேவும் தீர்ந்தது. 1999ல் ஜப்பானில் வந்த 'போகிமான் கோல்ட்', 'சில்வர்' கேட்ரிட்ஜ்களில் ஒரு கடிகாரமும் அதே பேட்டரியில்தான் ஓடியது. அதனால் அவற்றில் பேட்டரி சீக்கிரம் தீர்ந்தது. பல பேருடைய சின்ன வயசு போகிமான்கள் இப்படித்தான் சத்தமில்லாமல் மறைந்தன.

1994ல் வந்த பிளேஸ்டேஷன், சேவ் கோப்பை மெமரி கார்டு என்று தனியாகக் கையில் கொடுத்தது. மொத்தமே 128 கிலோபைட், அதில் 15 கட்டங்கள். இன்று வாட்ஸப்பில் வரும் ஒரு குட்மார்னிங் படத்துக்கே அது பத்தாது :) ஆனால் சட்டைப்பையில் போட்டு நண்பன் வீட்டுக்கு எடுத்துப் போகலாம்.

ஒரே ஃபோல்டர், ஒரே குடும்பம்

இனி நம் கம்ப்யூட்டருக்கு வருவோம். டாஸ் காலத்தில் எல்லாம் எளிது. விளையாட்டு எந்த ஃபோல்டரில் இருக்கிறதோ, சேவும் அங்கேயே இருக்கும். 1993ல் வந்த 'டூம்' ஆறு சேவ்களுக்கு இடம் கொடுத்தது. 0 முதல் 5 வரை எண் போட்ட ஆறு கோப்புகள். ஃபோல்டரை அப்படியே நகல் எடுத்தால் விளையாட்டும் வரும், சேவும் வரும். 1999ல் வந்த 'ஏஜ் ஆஃப் எம்பயர்ஸ் 2' கூடத் தன் ஃபோல்டருக்குள்ளேயே சேவ்களுக்கு ஒரு தனி ஃபோல்டர் வைத்திருந்தது.

விதிவிலக்கும் உண்டு. கம்ப்யூட்டர் லேபில் எல்லோரும் ஆடிய மைன்ஸ்வீப்பரை எடுத்துக்கொள்ளுங்கள். எக்ஸ்பி காலத்தில் அதன் சாதனை நேரங்கள் கோப்பாகவே இல்லை. விண்டோஸின் ரெஜிஸ்ட்ரிக்குள் போய் உட்கார்ந்திருந்தன.

பிறகு 2000ல் விண்டோஸ் 2000, 2001ல் எக்ஸ்பி வந்தன. ஒரே கம்ப்யூட்டரில் அப்பாவுக்கு ஒரு கணக்கு, அக்காவுக்கு ஒரு கணக்கு. அக்காவின் சேவை தம்பி அழிக்கக்கூடாது அல்லவா? அதனால் அவரவர் பொருள் அவரவர் 'மை டாக்குமெண்ட்ஸ்' அல்லது 'அப்ளிகேஷன் டேட்டா' ஃபோல்டருக்குள் இருக்கட்டும் என்று மைக்ரோசாஃப்ட் சொன்னது. 'வைஸ் சிட்டி' (2003), 'சான் ஆண்ட்ரியாஸ்' (2005) இரண்டும் மை டாக்குமெண்ட்ஸில் தனி ஃபோல்டர் போட்டு, எட்டு சேவ்கள் வரை வைத்தன. 2005ன் 'மோஸ்ட் வாண்டட்' கார் பந்தயமும் அங்கேதான்.

நல்ல யோசனைதான். ஆனால் இங்கே ஒரு விபரீதம். நம் ஊரில் வைரஸ் வந்தால் ஒரே வைத்தியம், 'சிஸ்டத்தை ஃபார்மட் பண்ணு'. சர்வீஸ் செய்ய வருபவர் "டி டிரைவ்ல இருக்கறது எல்லாம் பத்திரமா இருக்கும்" என்று சொல்லி சி டிரைவை மட்டும் துடைத்துவிடுவார். என் பெரியப்பா மகன் அண்ணன், எப்போதும் விளையாட்டுகளை டி டிரைவில்தான் போடுவார். ஃபார்மட் முடிந்து பார்த்தால் நாலரை ஜிபி சான் ஆண்ட்ரியாஸ் அப்படியே இருந்தது. சேவ் மட்டும் இல்லை. மை டாக்குமெண்ட்ஸ் இருந்தது சி டிரைவில்! எப்போது வேண்டுமானாலும் திரும்பக் கிடைக்கும் பொருள் பத்திரமாக இருந்தது, திரும்பவே கிடைக்காத பொருள் போய்விட்டது. அவர் மேலும் தப்பில்லை, சர்வீஸ்காரர் மேலும் தப்பில்லை. பேரேடு இடம் மாறியதை யாரும் அவர்களிடம் சொல்லவில்லை, அவ்வளவுதான்.

விஸ்டா செய்த மாயம்

2007ல் விண்டோஸ் விஸ்டா வந்தபோது குழப்பம் உச்சத்துக்குப் போனது. இனி சாதாரண அனுமதியில் ஓடும் நிரல் 'புரோகிராம் ஃபைல்ஸ்' ஃபோல்டருக்குள் எழுத முடியாது. ஆனால் பழைய விளையாட்டுகள் அங்கேதானே சேவ் எழுதும்? அவை உடைந்துவிடக் கூடாதே என்று விஸ்டா ஒரு தந்திரம் செய்தது. விளையாட்டு அங்கே எழுதுவதாக நினைத்துக்கொள்ளும். விண்டோஸ் அதைக் கமுக்கமாக ஆப்டேட்டா, லோக்கல், 'விர்ச்சுவல்ஸ்டோர்' என்ற ஃபோல்டருக்குத் திருப்பிவிடும். விளையாட்டுக்குத் தன் சேவ் தெரியும். நீங்கள் புரோகிராம் ஃபைல்ஸில் போய்த் தேடினால் ஒன்றும் இருக்காது!

'சேவ்ட் கேம்ஸ்' என்று ஒரு தனி ஃபோல்டரையும் விஸ்டா தந்தது. எல்லோரும் அதையே பயன்படுத்தியிருந்தால் இந்தக் கட்டுரைக்கே வேலை இருந்திருக்காது. ஆனால் 2011ன் 'ஸ்கைரிம்' டாக்குமெண்ட்ஸுக்குள் 'மை கேம்ஸ்' ஃபோல்டரில் வைத்தது. 'மைன்கிராஃப்ட்' ஆப்டேட்டாவின் 'ரோமிங்' பகுதியில் வைத்தது. ஆப்டேட்டாவோ இயல்பாகவே மறைக்கப்பட்ட ஃபோல்டர். பிரவுசரில் ஆடிய ஃபிளாஷ் விளையாட்டுகளின் சேவ்களும் அங்கேதான் ஒளிந்திருந்தன. 2020 டிசம்பரோடு ஃபிளாஷுக்கு அடோபி விடைகொடுத்தபோது, பலருக்கும் அப்படிக் கோப்புகள் இருப்பதே தெரியாது.

பேரேடு கம்பெனி கைக்குப் போனது

2008ல் ஸ்டீம் தளம் 'ஸ்டீம் கிளவுட்' தொடங்கியது. சேவ் தானாக அவர்களுடைய சர்வருக்குப் போய்விடும். புது கம்ப்யூட்டரில் உள்ளே நுழைந்தால் தானாக வந்துவிடும். வசதிதான், மறுக்கவில்லை. ஆனால் இரண்டு விஷயம்.

ஒன்று, ஒத்திசைவு வேறு, பேக்அப் வேறு. இங்கே சேவ் கெட்டுப்போனால் அந்தக் கெட்ட சேவே மேலே ஏறிவிடலாம். எல்லா விளையாட்டுக்கும் இந்த வசதி கிடையாது என்பதும் நினைவிருக்கட்டும்.

இரண்டு, சாவி அவர்கள் கையில். 2007ல் மைக்ரோசாஃப்ட் தொடங்கிய 'கேம்ஸ் ஃபார் விண்டோஸ் லைவ்' சேவையில் பல விளையாட்டுகளின் சேவ் அந்தக் கணக்கோடு பூட்டப்பட்டிருந்தது. கோப்பு உங்கள் வட்டில்தான் இருக்கும், ஆனால் வேறு கணக்கில் திறக்காது. கூகுளின் 'ஸ்டேடியா' 2019ல் வந்தது, அதில் விளையாட்டே அவர்கள் சர்வரில்தான் ஓடியது. 2023 ஜனவரியில் கடையை மூடினார்கள். மூடும் முன் சேவ்களை இறக்கிக்கொள்ள வழி கொடுத்தார்கள், பாராட்ட வேண்டும். ஆனால் அவர்கள் கொடுத்ததால் கிடைத்தது என்பதை மறக்கக் கூடாது.

ஃப்ளாப்பி இழுப்பறையில், மெமரி கார்டு சட்டைப்பையில் என்று இருந்த பேரேடு, இன்று நாம் பார்த்தே இராத ஒரு கட்டடத்தில் இருக்கிறது. இதுதான் நாற்பது வருட வரலாற்றின் சுருக்கம்.

சரி, இன்று என்ன செய்யலாம்?

முதலில் கண்டுபிடிக்க வேண்டும். விண்டோஸ் விசையையும் 'ஆர்' எழுத்தையும் சேர்த்து அழுத்துங்கள். வரும் பெட்டியில் ஆப்டேட்டா என்பதை ஆங்கிலத்தில், முன்னும் பின்னும் சதவீதக் குறி போட்டு, இடைவெளி இல்லாமல் அடித்தால் 'ரோமிங்' ஃபோல்டர் நேராகத் திறக்கும். ஒரு படி மேலே போனால் 'லோக்கல்', 'லோக்கல்லோ' இரண்டும் தெரியும். அடுத்து டாக்குமெண்ட்ஸ், அதற்குள் மை கேம்ஸ். அடுத்து சேவ்ட் கேம்ஸ். ஸ்டீம் விளையாட்டு என்றால் ஸ்டீம் ஃபோல்டருக்குள் 'யூசர்டேட்டா'. பழைய விளையாட்டு என்றால் அதன் சொந்த ஃபோல்டரையும் விர்ச்சுவல்ஸ்டோரையும் பாருங்கள். டாக்குமெண்ட்ஸில் காணோமா? இன்றைய விண்டோஸில் டாக்குமெண்ட்ஸே ஒன்டிரைவ் ஃபோல்டருக்குள் மாறியிருக்கலாம், அங்கேயும் பாருங்கள்.

எளிய தந்திரம் ஒன்று. விளையாட்டில் ஒரு சேவ் போட்டுவிட்டு வெளியே வந்து, சந்தேகப்படும் ஃபோல்டரை 'மாற்றிய தேதி' வரிசையில் அடுக்குங்கள். இரண்டு நிமிடம் முன்பு மாறிய கோப்புதான் உங்கள் ஆள்! இன்னும் சுலபமாக வேண்டுமென்றால் 'பிசிகேமிங்விக்கி' தளத்தில் பல விளையாட்டுகளின் சேவ் இடம் வாசகர்களாலேயே பட்டியலிடப்பட்டிருக்கிறது. அந்தப் பட்டியலை வைத்துத் தானாகத் தேடி நகலெடுக்கும் 'லூடுசாவி' என்ற இலவச மென்பொருளும் உண்டு.

நகல் எடுக்கும்போது விளையாட்டை மூடிவிட்டு எடுங்கள். ஒரு கோப்பை மட்டும் பொறுக்காமல் சேவ் ஃபோல்டர் முழுவதையும் எடுங்கள். ஃபோல்டர் பெயரில் தேதி போடுங்கள். பழையதன் மேலேயே புதியதை எழுதாமல் இரண்டு மூன்று தேதிகளை வைத்திருங்கள். பென் டிரைவில் ஒன்று, மெயிலிலோ கூகுள் டிரைவிலோ ஒன்று போதும். கடைசியாக, ஒரு முறையாவது அந்த நகலைத் திரும்பப் போட்டு விளையாட்டு திறக்கிறதா என்று பாருங்கள். சரிபார்க்காத கணக்கு கணக்கே இல்லை என்று எங்கள் தணிக்கைப் பாடம் சொல்கிறது.

"வெறும் விளையாட்டுதானே, இதற்கு இவ்வளவா?" என்று கேட்பீர்கள். இதே ஃபோல்டர்களில்தான் உங்கள் ப்ராஜெக்ட் ரிப்போர்ட்டும், அம்மாவின் ஃபோட்டோக்களும் இருக்கின்றன. இதே ஃபார்மட்டில்தான் அவையும் போகும். தன் பொருள் எந்த ஃபோல்டரில் இருக்கிறது என்று தெரிந்தவருக்குத்தான் அது சொந்தம். அதைப் பழக ஒரு சேவ் ஃபைலைவிடச் செலவில்லாத பாடம் எனக்குத் தெரியவில்லை.

உங்களுக்குப் பிடித்த விளையாட்டின் சேவ் எங்கே இருக்கிறது என்று இன்றே ஒரு முறை தேடிப் பாருங்கள். அடுத்த கட்டுரையில் சந்திப்போம்!