நடந்து வந்த பாதையில் டூரிஸ்ட் பஸ்: மாத்தளையின் சுற்றுலா வரலாறு

இலங்கைச் சுற்றுலாவின் கதையைச் சொல்பவர்கள் வழக்கமாகக் கொழும்புத் துறைமுகத்திலிருந்து, இல்லாவிட்டால் தெற்குக் கடற்கரையிலிருந்து தொடங்குவார்கள். நாங்கள் மாத்தளையிலிருந்து தொடங்குகிறோம். எங்க ஊர் என்பதற்காக மட்டும் இல்லை. நாட்டில் யுனெஸ்கோ உலக மரபுரிமைப் பட்டியலில் உள்ள இடங்கள் எட்டு. அதில் சீகிரியா, தம்புள்ளைப் பொற்கோயில் இரண்டும் முழுக்க எங்கள் மாவட்டத்துக்குள் இருக்கின்றன. மூன்றாவதாக, மத்திய மலைநாடு என்ற பெயரில் 2010இல் சேர்ந்த காடுகளில் ஒன்றான நக்கிள்ஸ், கண்டியோடு நாங்கள் பங்குபோட்டுக்கொள்ளும் மலை. நாட்டுக்கு வரும் பயணிகளில் பெரும் பகுதியினர் ஒரு முறையாவது இந்த மாவட்டத்தைத் தாண்டித்தான் போகிறார்கள்.

தம்புள்ளையிலிருந்து மாத்தளைக்கு வரும் ஏ-9 வீதியைப் பாருங்கள். மரக்கறி லொறி, யாழ்ப்பாண பஸ், அவற்றுக்கு நடுவில் ஏசி போட்ட டூரிஸ்ட் வேன். இந்த வீதியில் 19ஆம் நூற்றாண்டில் வேறொரு கூட்டமும் வந்தது, கால்நடையாக. அந்த இரண்டு பயணங்களையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்ப்பதுதான் இந்தக் கட்டுரை.

கண்ணாடிச் சுவரில் எழுதியவர்கள்

சீகிரியாவுக்குப் போனவர்களுக்குத் தெரியும், பாதி ஏற்றத்தில் ஒரு நீண்ட சுவர் வரும். காசியப்ப மன்னன் 5ஆம் நூற்றாண்டின் கடைசியில் கட்டிய கோட்டையின் பகுதி அது. ஒரு காலத்தில் முகம் தெரியும் அளவுக்குப் பளபளத்ததால் கண்ணாடிச் சுவர் என்று பெயர். மன்னன் போனபின் பார்க்க வந்தவர்கள் அந்தச் சுவரில் கீறி எழுதிவிட்டுப் போனார்கள். மேலே உள்ள ஓவியப் பெண்களைப் பற்றிக் கவிதை, ஏறி வந்த களைப்பு, தங்கள் ஊர், தங்கள் பெயர். பெரும்பாலானவை 8ஆம் நூற்றாண்டுக்கும் 10ஆம் நூற்றாண்டுக்கும் இடைப்பட்டவை. தொல்லியலாளர் செனரத் பரணவிதான அவற்றில் 685 செய்யுள்களைப் படித்து 1956இல் நூலாக வெளியிட்டார்.

யோசித்துப் பாருங்கள், ஆயிரம் வருடத்துக்கு முன்னாலேயே இங்கே ‘சும்மா பார்த்துவிட்டுப் போக’ ஆள் வந்திருக்கிறது. பிக்கு வந்திருக்கிறார், அதிகாரி வந்திருக்கிறார், பெண்களும் வந்து எழுதியிருக்கிறார்கள். எழுதத் தெரிந்தவருக்கும் நேரமும் வசதியும் இருந்தவருக்கும் சுவரில் இடம் கிடைத்தது. படியைத் துப்புரவாக்கியவர், சுமை தூக்கியவர் பெயர் எதுவும் அங்கே இல்லை. சுற்றுலா வரலாற்றில் இந்த வழக்கம் இன்றைக்கும் மாறவில்லை.

பிறகு காடு மூடியது. 1831இல் மேஜர் ஜொனதன் ஃபோர்ப்ஸ் என்ற பிரித்தானிய அதிகாரி சீகிரியாவைப் பற்றி வெளி உலகத்துக்கு எழுதினார். 1890களில் தொல்லியல் ஆணையாளர் எச். சி. பி. பெல் அகழ்வு வேலைகளைத் தொடங்கினார். வரலாற்றுப் புத்தகங்களில் இருவருக்கும் ‘கண்டுபிடித்தவர்’ பட்டம் கிடைத்தது. பக்கத்துக் கிராமத்து ஆட்களுக்கு அந்தக் குன்று எப்போதும் தெரிந்துதான் இருந்தது.

பார்க்க வராதவர்கள்

ஃபோர்ப்ஸ் குதிரையில் சுற்றிய அதே காலத்தில்தான் மலைநாட்டில் கோப்பிப் பயிர் பெருகியது. அதற்கு வேலையாட்கள் வேண்டும். தமிழ்நாட்டுக் கிராமங்களில் பஞ்சமும் கடனும் சாதிக் கொடுமையும் ஆட்களைத் துரத்திக்கொண்டிருந்தன. கங்காணி அழைத்துவர, பாக்குநீரிணையைத் தோணியில் தாண்டி மன்னார்க் கரையில் இறங்கினார்கள். அங்கிருந்து காடு வழியாக மிகிந்தலை, தம்புள்ளை, நாலந்தை, மாத்தளை. இருநூறு கிலோமீற்றருக்கு மேல் நடை. தண்ணீர் இல்லை, கொலரா, மலேரியா, காட்டு விலங்கு. 1840களில் நடந்து வந்தவர்களில் நாலில் ஒருவர் செத்துப்போனார் என்று அந்தக் காலக் கொழும்புப் பத்திரிகை ஒன்று கணக்குப் போட்டது. எண்ணிக்கையைப் பற்றி ஆய்வாளர்களிடையே வாதம் உண்டு. வழியெல்லாம் பிணம் கிடந்தது என்பதில் வாதம் இல்லை.

உயிரோடு மாத்தளை வந்து சேர்ந்தவர்களுக்கு அதுதான் முதல் நிழல். ஊரில் கும்பிட்ட மாரியை இங்கேயும் ஒரு மரத்தடியில் வைத்துக் கும்பிட்டார்கள். இன்றைய மாத்தளை ஸ்ரீ முத்துமாரியம்மன் கோயிலின் வேர் அதுதான். இங்கிருந்துதான் ஆட்கள் தோட்டம் தோட்டமாகப் பிரிந்து போனார்கள்.

1869இல் கோப்பி இலையில் நோய் விழுந்தது. 1880இல் கண்டியிலிருந்து மாத்தளைக்கு ரயில் வந்தபோது கோப்பியின் நாள்கள் எண்ணப்பட்டுக்கொண்டிருந்தன. தேயிலை, கொக்கோ, றப்பர் என்று பயிர் மாறியது. லயம் மாறவில்லை.

அனுப்ப ஒரு ஒப்பந்தம், அழைக்க ஒரு சபை

கப்பலில் வந்து கொழும்பில் ஓரிரு நாள் தங்குபவர்களுக்காக 1937இல் அரசு ஒரு சுற்றுலாப் பணியகம் திறந்தது. உலகப் போர் வந்து அதை மூடிவிட்டது. சுதந்திரத்துக்குப் பிறகு திரும்பத் திறந்தாலும், சுற்றுலா ஒரு தொழிலாக எழுந்தது 1966இல்தான். அந்த வருடம் சட்டம் போட்டு இலங்கைச் சுற்றுலாச் சபையை உருவாக்கினார்கள். 1967 முதல் 1976 வரைக்கும் பத்தாண்டுத் திட்டம் ஒன்றும் வந்தது. 1966இல் வந்த வெளிநாட்டவர் 18,969 பேர். 1982இல் 407,230 பேர். பதினாறு வருடத்தில் இருபது மடங்குக்கு மேல்.

இந்த வளர்ச்சியைப் பாராட்டி எழுதும் யாரும் பக்கத்தில் இருக்கும் இன்னொரு வருடத்தைச் சொல்வதில்லை. 1948 குடியுரிமைச் சட்டம் மலையகத் தமிழரை நாடற்றவர்கள் ஆக்கியது. 1964 ஒக்டோபரில் சிறிமா - சாஸ்திரி ஒப்பந்தம் 525,000 பேரை இந்தியாவுக்கு அனுப்புவது என்று முடிவு செய்தது. இரண்டு வருடம் கழித்து அதே நாடு, வெளிநாட்டவரை வாருங்கள் வாருங்கள் என்று அழைக்க ஒரு சபை அமைக்கிறது. நான்கு தலைமுறையாகக் காட்டை வெட்டி அந்நியச் செலாவணி சம்பாதித்துக் கொடுத்தவர் ‘வெளிநாட்டவர்’ என்று வெளியே போகிறார். இரண்டு வாரத்துக்கு வருகிறவர் விருந்தாளியாக உள்ளே வருகிறார். மாத்தளை ரயில் நிலையத்தில் ஏறி, தலைமன்னார்க் கப்பலுக்குப் போன குடும்பங்களின் கதை இன்னும் நம்ம வீடுகளில் இருக்கிறது. தாத்தா பாட்டியிடம் கேட்டுப் பாருங்கள்.

முக்கோணத்தின் நடுவில்

1980இல் மத்திய கலாசார நிதியம் சட்டமாகி, யுனெஸ்கோ உதவியோடு கலாசார முக்கோணத் திட்டம் தொடங்கியது. அநுராதபுரம், பொலன்னறுவை, கண்டி மூன்றும் முனைகள். சீகிரியாவும் தம்புள்ளையும் நடுவில். சீகிரியா 1982இல் உலக மரபுரிமைப் பட்டியலில் சேர்ந்தது, தம்புள்ளை 1991இல்.

இடையில் 1983 ஜூலை வந்தது. மாத்தளை நகரத்தில் தமிழர் கடைகளும் வீடுகளும் எரிந்தன. முத்துமாரியம்மன் கோயிலும் தப்பவில்லை. சுற்றுலாக் கணக்கில் அந்த வருடம் 337,530 என்று ஒரு சரிவாக மட்டும் தெரிகிறது. 1987இல் 182,620. வெள்ளைக்காரர் ஏன் வரவில்லை என்று அறிக்கைகள் விளக்கின. ஊரை விட்டு ஓடியவர்களின் எண்ணிக்கை அந்த அட்டவணையில் இல்லை.

கோயில் திரும்ப எழுந்தது. இன்று 108 அடி இராஜகோபுரத்தோடு நிற்கிறது. மாசி மகத்துக்கு ஐந்து தேர் ஓடும். வீதியோரமாக இருப்பதால் டூரிஸ்ட் பஸ் கட்டாயம் நிற்கும். கெமராவில் கோபுரத்தின் நிறம் விழும், நடந்து வந்தவர்களின் கதை விழாது. அதை ஒருவர் சொல்ல வேண்டும்.

1990களின் தொடக்கத்தில் கந்தளம குளக்கரையில் பெரிய ஹோட்டல் ஒன்று கட்டப்போகிறார்கள் என்றதும் பிக்குகளும் விவசாயிகளும் சூழல் ஆர்வலர்களும் எதிர்த்தார்கள். குளத்துத் தண்ணீர் என்ன ஆகும், கிராமம் என்ன ஆகும் என்பது அவர்கள் கேள்வி. கட்டடக் கலைஞர் ஜெப்ரி பாவா பாறையோடு ஒட்டி, கொடி படர விட்டு, காட்டுக்குள் மறையும் மாதிரி அதைக் கட்டினார். 1994இல் திறந்த அந்த 152 அறை ஹோட்டல் இன்று உலகக் கட்டடக் கலைப் புத்தகங்களில் இருக்கிறது. எதிர்த்தவர்கள் தோற்றார்கள் என்று சொல்லிவிடலாம். ஆனால் சுற்றுலா என்றால் தண்ணீரும் நிலமும் யாருக்கு என்ற கேள்வியும் சேர்ந்தே வரும் என்பதை இந்த மாவட்டம் அப்போதே கேட்டுவிட்டது.

தேயிலையை முந்திய டொலர்

2009இல் போர் முடிந்தபோது வந்தவர்கள் 447,890 பேர். 2018இல் 23 இலட்சத்தைத் தாண்டியது. அந்த வருடச் சுற்றுலா வருமானம் சுமார் 4,380 மில்லியன் டொலர். அதே வருடம் தேயிலை ஏற்றுமதி கொண்டுவந்தது சுமார் 1,430 மில்லியன். அதாவது, நம்ம பாட்டன் பூட்டன் முதுகில் நின்ற தேயிலையைப் போல மூன்று மடங்கு. வெளிநாட்டில் உழைப்பவர்கள் அனுப்பும் பணம், ஆடை ஏற்றுமதி இரண்டுக்கும் அடுத்த இடம் சுற்றுலாவுக்கு வந்தது.

ஆனால் இந்தத் தொழில் கண்ணாடிப் பாத்திரம் மாதிரி. 2019 ஏப்ரல் 21 உயிர்த்த ஞாயிறுத் தாக்குதலில் 250க்கும் அதிகமானோர் இறந்தார்கள். ஹோட்டல்கள் ஒரே இரவில் காலியாகின. அடுத்தது கொரோனா. 2021இல் வந்தவர்கள் 194,495 பேர் மட்டுமே. 2022இல் நாட்டில் டொலரே இல்லாமல் பெற்றோலுக்கும் காஸுக்கும் வரிசை நின்றோமே, அதற்குச் சுற்றுலா விழுந்ததும் ஒரு காரணம். கடன், வரிக் குறைப்பு, ஒரே இரவில் உரம் தடை என்று மற்றக் காரணங்களும் இருந்தன. 2024இல் திரும்ப 20 இலட்சத்தைத் தாண்டி, சுமார் 3,170 மில்லியன் டொலர் வந்தது.

பெரிய எண்களை விட்டு ஒரு சின்னக் கணக்குப் போடுவோம். சீகிரியாவில் ஏற வெளிநாட்டவருக்கு நுழைவுச்சீட்டு நீண்ட காலமாக 30 டொலராக இருந்தது. 2024இன் நாணய மாற்றில் ஏறக்குறைய 9,000 ரூபா. அதே வருடம் தோட்டத் தொழிலாளியின் அடிப்படை நாட்சம்பளம் 1,350 ரூபா என்று வர்த்தமானியில் வந்தது. ஒரு நுழைவுச்சீட்டு, ஒரு வாரக் கொழுந்து. இரண்டு தொழிலும் ஒரே மாவட்டத்தில்தான் நடக்கிறது.

எங்கள் பங்கு எது?

சுற்றுலாக் காசு ஊருக்குள் இறங்குவதே இல்லை என்று சொன்னால் அது பொய். மாத்தளை வீதி ஓரத்து வாசனைத் திரவியத் தோட்டங்களைப் பாருங்கள். மிளகு, கறுவா, கராம்பு, சாதிக்காய், வனிலா எல்லாம் ஒரு காணித் துண்டில் காட்டி, கடைசியில் எண்ணெயும் களிம்பும் விற்பார்கள். பயணிகளைக் கூட்டிவரும் சாரதிக்குக் கொமிஷன் போகும் என்பது ஊரறிந்த விஷயம். அங்கே செடியைக் காட்டி இரண்டு மூன்று மொழியில் பேசும் பொடியன்களில் நம்ம ஆட்களும் உண்டு. எல்கடுவைப் பக்கம் செம்புவத்தை ஏரி தேயிலைத் தோட்டத்துக்குள் இருக்கிறது. விடுமுறை நாளில் உள்ளூர்க் கூட்டம் குவியும். கடலை விற்க, வேன் ஓட்ட, டிக்கெட் கிழிக்க வேலை கிடைக்கும். நிலத்திலும் முதலிலும் பங்கு கிடைக்காது. லயத்துக்காரருக்குத் தன் பெயரில் வீட்டுக் காணியே இல்லாதபோது, ‘ஹோம்ஸ்டே நடத்துங்கள், முன்னேறுங்கள்’ என்று பயிற்சிப் பட்டறை வைப்பதில் என்ன அர்த்தம்? காணி உரிமை வராமல் சுற்றுலாவில் எங்களுக்கு உரிமை வராது. இதுதான் எங்கள் முதல் கருத்து.

இரண்டாவது, மொழி. நாட்டுக்கு அதிகமாக ஆள் அனுப்பும் நாடு இப்போது இந்தியா. 2024இல் வந்தவர்களில் ஐந்தில் ஒருவர் இந்தியர். அதில் தமிழ் பேசுபவர்கள் கணிசம். உரிமம் பெற்ற வழிகாட்டியாவதற்குப் பயிற்சி இருக்கிறது, தேர்வு இருக்கிறது. தமிழும் சிங்களமும் ஆங்கிலமும் தெரிந்த மலையக இளைஞருக்கு அது கொழும்பில் கடைச் சிப்பந்தி வேலையை விட மோசமானது இல்லை.

மூன்றாவதுதான் எங்களுக்கு மிக முக்கியம், கதை. நாலந்தை கெடிகேயை எடுங்கள். பல்லவர் பாணிக் கற்கோயில், பௌத்தமும் தென்னிந்தியக் கலையும் கலந்து நிற்கும் இடம். போவத்தன்ன நீர்த்தேக்கத்தில் மூழ்கிவிடும் என்று கல் கல்லாகக் கழற்றி மேட்டில் திரும்பக் கட்டினார்கள். ஒரு கட்டடத்துக்கு அவ்வளவு பாடுபட முடிந்த நாட்டில், அதே நாலந்தை வழியாக நடந்து வந்து செத்தவர்களுக்கு ஒரு கல் நட முடியாதா?

முடியும் என்று 2023இல் மக்களே காட்டினார்கள். மலையகத் தமிழர் வந்து 200 வருடம் ஆனதை நினைவுகூர்ந்து, ‘மாண்புமிகு மலையக மக்கள்’ என்ற பெயரில் ஜூலை 28 தலைமன்னாரில் தொடங்கி, ஓகஸ்ட் 12 மாத்தளையில் முடித்தார்கள், 16 நாள் நடை. தமிழர், முஸ்லிம்கள், சிங்களவர் எல்லோரும் வழியில் சேர்ந்து நடந்தார்கள். காணி, வீடு, சம்பளம், சம குடியுரிமை என்று கோரிக்கை வைத்தார்கள்.

உலகத்தில் மற்ற நாடுகள் இதைச் செய்திருக்கின்றன. மொரீஷியஸில் ஒப்பந்தக் கூலிகள் இறங்கிய ஆப்ரவாசி காட் 2006 முதல் உலக மரபுரிமை. அவர்கள் ஏறிய பதினாறு படிகளைப் பார்க்க இன்று பிள்ளைகளும் பயணிகளும் வருகிறார்கள். நம்மிடம் படி இல்லை, ஒரு முழு வீதியே இருக்கிறது. தலைமன்னாரிலிருந்து மாத்தளை வரைக்கும் அந்தப் பாதையை அடையாளப்படுத்தி, மூன்று மொழியிலும் பலகை வைத்து, மாத்தளையில் ஒரு சிறு அருங்காட்சியகம் திறக்கலாம். அதை நடத்தும் வேலை தோட்டத்துப் பிள்ளைகளுக்கே போக வேண்டும்.

இதில் ஒரு ஆபத்தும் உண்டு. லயத்துக்குள் கெமராவோடு நுழைந்து ஏழ்மையைப் படம்பிடிப்பதும் சுற்றுலாதான். எங்கள் பாட்டி கொழுந்துக் கூடையோடு போஸ்ட் கார்டில் சிரித்துக்கொண்டு நின்றது போதும். அவளுடைய கதையை யார் சொல்வது, அதில் வரும் காசு யாருக்குப் போவது என்பதை நாங்கள்தான் தீர்மானிக்க வேண்டும்.

அதுவரைக்கும் உங்களால் இப்போதே செய்யக்கூடிய ஒன்று. வீட்டில் எண்பது வயதுக்காரர் யாராவது இருந்தால், ஃபோனில் பதிவு போட்டுவிட்டு, ‘நம்ம ஆட்கள் எந்த வழியாக வந்தார்கள்?’ என்று கேளுங்கள். ஊர்ப் பெயர்களை எழுதி எங்களுக்கு அனுப்புங்கள். கண்ணாடிச் சுவரில் இடம் கிடைக்காதவர்களின் பெயர்களை நாங்கள் சேர்க்கத் தொடங்குகிறோம்.