பிளாசா தே மாயோ அன்னையர்

அர்ஜென்டினாவில் 1976 மார்ச் 24 அன்று ஆட்சியைப் பிடித்த ராணுவம், எதிர்ப்பாளர் எனச் சந்தேகித்தவர்களைக் கடத்திச் சென்றது. வழக்கு இல்லை, உடலும் கிடைக்கவில்லை. தேடி வந்த பெற்றோரிடம் அப்படி யாரையும் பிடிக்கவே இல்லை என்றார்கள். 1977 ஏப்ரல் 30 அன்று, பிள்ளைகளைப் பறிகொடுத்த 14 பெண்கள் புவெனஸ் ஐரிஸில் அதிபர் மாளிகைக்கு எதிரே உள்ள பிளாசா தே மாயோ சதுக்கத்தில் கூடினர். கூட்டமாக நிற்கக் கூடாது என்று காவலர்கள் விரட்டவே, இருவர் இருவராகச் சுற்றி நடந்தனர். தடை போட்டவர்களே போராட்டத்துக்கு வடிவமும் கொடுத்துவிட்டார்கள் எனலாம். வியாழன்தோறும் நடை தொடர்ந்தது. அடையாளமாகத் தலையில் கட்டிய வெள்ளைத் துணி, தொடக்கத்தில் குழந்தைகளின் அணையாடை.

முன்னின்று நடத்திய அசுசேனா வில்லாஃப்ளோர் அதே ஆண்டு டிசம்பரில் கடத்தப்பட்டார். காணாமற்போனவரின் சகோதரனாக நடித்து அன்னையர் குழுவுக்குள் நுழைந்த கடற்படை அதிகாரி ஆல்ஃபிரெடோ அஸ்திஸ் காட்டிக்கொடுத்திருந்தார். கடற்கரையில் ஒதுங்கிப் பெயரின்றிப் புதைக்கப்பட்ட அசுசேனாவின் உடல் 2005இல்தான் அடையாளம் காணப்பட்டது. கைதிகளை விமானத்திலிருந்து கடலில் எறிந்த கொடுமைக்கு அது சான்று.

ராணுவ ஆட்சி 1983இல் முடிந்தது. காணாமற்போனோர் ஏறத்தாழ 9,000 பேர் என்றது அரசு ஆணையம். 30,000 என்கின்றன மனித உரிமை அமைப்புகள். 1985இல் ஆயுள் தண்டனை பெற்ற ராணுவத் தலைவர் விதேலா, 1990இல் மன்னிக்கப்பட்டார். பின்னர் அம்மன்னிப்பு ரத்தானது; 2013இல் அவர் சிறையிலேயே இறந்தார்.