ஆத்ரிலால்: ஒரு விதையும் இரு பயணிகளும்

கண்டம் கடந்த பயணிகளின் தாவரக் கண்டுபிடிப்புகள் என்றதும், 1804 முதல் 1806 வரை வட அமெரிக்காவைக் குறுக்காகக் கடந்து மீண்ட லூயிஸ், கிளார்க் ஆகியோரின் பெயர்களே முதலில் நினைவுக்கு வருகின்றன. அவர்களுக்கு ஏறத்தாழ ஆறு நூற்றாண்டுகளுக்கு முன்னர் ஆப்பிரிக்காவின் வடபுறத்தை மேற்கிலிருந்து கிழக்காகக் கடந்த இரு அந்தலூஸிய அறிஞர்களைப் பற்றி நாம் அறிந்திருப்பது குறைவு. அறிந்ததும் பெரும்பாலும் புகழுரையாகவே நின்றுவிடுகிறது. "இப்னுல் பைத்தார் முந்நூறு மூலிகைகளைக் கண்டுபிடித்தார்" என்பது நம் மேடைகளில் அடிக்கடி ஒலிக்கும் வாசகம். அவர் தம் நூலில் உண்மையில் செய்தது என்ன என்பதை ஒரே ஒரு விதையைக் கொண்டு ஆராய விழைகிறோம்.

அந்தலூஸில் மூலிகை ஆய்வு நெடுநாளாகப் பெயர்ச் சிக்கலில் உழன்றது. கிரேக்க அறிஞர் டியாஸ்கொரிடிஸின் மருந்து நூல் பாக்தாதில் அரபியாக்கப்பட்டபோது, அரபியில் இணைப்பெயர் கிடைக்காத செடிகள் பல கிரேக்கப் பெயருடனேயே விடப்பட்டன. பத்தாம் நூற்றாண்டின் நடுவில் பைஸாந்தியப் பேரரசர் அந்நூலின் ஓவியப் பிரதியொன்றைக் குர்துபாவின் கலீஃபா மூன்றாம் அப்துர் ரஹ்மானுக்கு அனுப்பினார். அதனைப் படித்து விளக்க நிக்கோலஸ் என்னும் துறவியும் வந்து சேர்ந்தார். சிக்கல் ஓரளவு தீர்ந்தது. ஆயினும் ஏட்டில் உள்ள பெயர் எந்தச் செடியைக் குறிக்கிறது என்பதை நிலத்தில் நடந்து பார்த்தவரே உறுதியாகச் சொல்ல இயலும்.

அப்படி நடந்தவர்களுள் ஒருவர் அபுல் அப்பாஸ் அந்நபாத்தி. இஷ்பீலியா நகரில் மூலிகைக் கடை வைத்திருந்த இவர், ஹதீஸ் கலையிலும் புலமை பெற்றிருந்தார். பதிமூன்றாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் வட ஆப்பிரிக்கா வழியே எகிப்தை அடைந்து, ஹிஜாஸ் வரை சென்று, வழியெங்கும் கண்ட செடிகளைக் குறித்துக்கொண்டு தாயகம் திரும்பினார். மாலகாவில் பிறந்த இப்னுல் பைத்தார் இவருடைய மாணவர். இஷ்பீலியாவின் சுற்றுப்புறங்களில் ஆசிரியருடன் செடி தேடித் திரிந்தவர். ஏறத்தாழ 1220இல் அவரும் கிழக்கு நோக்கிப் புறப்பட்டார். பிஜாயா, துனிஸ், திரிப்போலி எனக் கடந்து அனத்தோலியா வரை சென்றார். பின்னர் எகிப்தில் சுல்தான் அல்காமில் அவரை மூலிகையாளர்களின் தலைவராக அமர்த்தினார். அவர் ஊர் திரும்பவில்லை. 1248இல் திமிஷ்கில் காலமானார். இஷ்பீலியா காஸ்டிலிய மன்னரிடம் வீழ்ந்ததும் அதே ஆண்டில்தான்.

அவருடைய பெருநூலாகிய 'அல்ஜாமிஃ' ஏறத்தாழ 1400 மருந்துகளையும் உணவுகளையும் அகர வரிசையில் விவரிக்கிறது. அதன் தொடக்கப் பக்கங்களில் வருவது ஆத்ரிலால். இது பெர்பர் மொழிப் பெயர் என்றும், பறவையின் கால் எனப் பொருள்படும் என்றும் அவர் எழுதுகிறார். எகிப்தியர் இதனைக் 'காக்கைக் கால்' என்பர். தோற்றத்தில் சதகுப்பையை ஒத்தது. ஆனால் சதகுப்பையின் பூ மஞ்சள், இதன் பூ வெண்மை. பயன்படுவது விதை. தோலில் வெண்மை படரும் நோய்க்கு, விதைப்பொடியைத் தனியாகவோ அக்கரகாரத்துடன் கலந்தோ உட்கொள்ளச் செய்வர். பின்னர் வெண்மை படர்ந்த இடங்களைத் திறந்து வைத்துக் கடும் வெயிலில் ஓரிரு மணி நேரம் அமரச் செய்வர். அவ்விடங்கள் கொப்புளித்து ஆறியபின் இயல்பான நிறம் மீளும். தாமே இதனைச் சோதித்துப் பயன் கண்டதாகவும் அவர் குறிப்பிடுகிறார்.

நம் கவனத்தை ஈர்ப்பது அடுத்து வரும் செய்தி. இம்மருந்தின் பயன் முதலில் வெளிப்பட்டது பிஜாயாவைச் சார்ந்த பகுதியில், பனூ வஜ்ஹான் கூட்டத்தைச் சேர்ந்த பனூ அபீ ஷுஐப் எனும் பெர்பர் குலத்தாரிடம் என்று பெயர் சொல்லியே எழுதுகிறார். மக்கள் அவர்களைத் தேடிச் சென்றனர். அவர்களோ தலைமுறை தலைமுறையாகத் தமக்குள்ளேயே அதனை மறைத்து வைத்திருந்தனர். பின்னர் எவ்வாறோ அது பிறருக்குத் தெரிய வந்து பரவியது. மறைத்தமைக்காக அக்குலத்தாரைக் கருமிகள் எனச் சாடுவது எளிது. அந்த விதை அவர்களுக்குப் பிழைப்பாகவும் மதிப்பாகவும் இருந்திருக்கக்கூடும் என்பதையும் எண்ணிப் பார்க்க வேண்டும். எவ்வாறாயினும், இதனைத் தம் கண்டுபிடிப்பு என்று இப்னுல் பைத்தார் உரிமை கொண்டாடவில்லை. முந்தைய நூல்களில் இல்லாத முந்நூறு என்று சொல்லப்படுபவற்றுள் பலவற்றை ஏதோ ஒரு மலையிலோ கடைவீதியிலோ எவரேனும் முன்பே அறிந்திருக்கத்தான் வேண்டும். அவற்றைக் கேட்டு, கண்டு, சோதித்து எழுத்துக்குக் கொணர்ந்ததே அவருடைய பணி. 'கண்டுபிடித்தார்' என்ற சொல் அப்பணியைச் சிறுமைப்படுத்துகிறது என்றே நாம் கருதுகிறோம்.

செய்தி யாரிடமிருந்து வந்தது எனக் குறிக்கும் இப்பழக்கத்தில் ஹதீஸ் அறிஞராகிய ஆசிரியரின் பயிற்சியும் கலந்திருக்கலாம். மாணவர் இப்னு அபீ உஸைபிஆ, திமிஷ்கின் புறத்தே இவருடன் செடி பறிக்கச் சென்றதைப் பதிவு செய்துள்ளார். ஒரு செடியைக் கண்டால் டியாஸ்கொரிடிஸும் காலெனும் கூறியதையும், பின்வந்தோர் எங்கே முரண்பட்டனர் என்பதையும், எந்த இயலில் எத்தனையாவது மருந்து என்பதையும் சேர்த்தே சொல்வாராம்.

அந்த விதையின் கதை அங்கு முடியவில்லை. 1947இல் எகிப்திய வேதியியலாளர்கள் ஃபஹ்மியும் அபூ ஷாதியும் அதன் செயற்பொருளைப் பிரித்தெடுத்தனர். கெய்ரோவின் தோல் மருத்துவர் அல்முஃப்தி அதனை வெண்படை நோயாளிகளிடம் பயன்படுத்தி 1948இல் முடிவுகளை வெளியிட்டார். மெத்தாக்ஸி சோரலன் எனப்படும் அப்பொருள் புற ஊதாக் கதிரை ஈர்த்துத் தோல் உயிரணுக்களில் வினை புரிகிறது. வெயிலில் அமரச் செய்ததன் காரணம் அதுவே. 1974இல் அமெரிக்க மருத்துவர்கள் இதே பொருளைப் புற ஊதா விளக்குடன் இணைத்துக் காளாஞ்சகப்படைக்குப் பயன்படுத்தினர். தீப்புண், தோல் புற்று முதலிய தீங்குகளும் இதற்கு உண்டு. மருத்துவர் கண்காணிப்பின்றிக் கையாளத் தக்கதன்று. நம் சித்த மருத்துவர்கள் வெண்படைக்கு வழங்கிவரும் கார்போக அரிசியிலும் சோரலன் இருக்கிறது. அச்செடியின் இலத்தீன் பெயரிலிருந்தே சோரலன் என்ற சொல் பிறந்தது.

அபுல் அப்பாஸின் பயண நூல் இன்று கிடைப்பதில்லை. மாணவர் தம் நூலில் ஏறத்தாழ நூறு இடங்களில் ஆசிரியரின் பெயர் சொல்லி எடுத்தாண்ட பகுதிகளே எஞ்சியுள்ளன. பனூ அபீ ஷுஐப் குலத்தாரின் பெயரும் அதே நூலில்தான், பெர்பர் பெயர் கொண்ட அந்தச் செடியின் கீழ் நிற்கிறது.