தபர்மக்: இல்லாத ஒரு பொருளின் வரலாறு

டமாஸ்கஸ் நகர மருந்துக் கடை ஒன்றுக்குத் துறவிக் கோலத்தில் ஒரு பாரசீகர் வந்தார். கையிலிருந்த சிறு உருண்டைகளைக் காட்டி, இது குராசான் நாட்டுத் தபர்மக், சிறந்த மருந்துச் சரக்கு என்று கூறி, அற்ப விலைக்கு விற்றுச் சென்றார். கடைக்காரரும் வாங்கி வைத்தார். தபர்மக் என்ற பெயரே அவர் புனைந்தது என்பதைக் கடைக்காரர் அறியார். ஆயிரம் தீனார்களை அராவிப் பொடியாக்கி, கரித்தூளும் பிற சரக்குகளும் கலந்து பிசைந்தவையே அவ்வுருண்டைகள்.

பின்னர் அவர் செல்வர் கோலம் பூண்டார். கீமியா எனும் இரசவாதக் கலையில் வல்லவர் என்று தம் பெயரைப் பரப்பினார். செய்தி சுல்தான் நூருத்தீன் மஹ்மூத் ஸங்கியின் (ஆட்சி: 1146–1174) செவிக்கு எட்டியது. சுல்தானின் அவையில் அவர் கேட்ட சரக்குகள் யாவும் எளிதில் கிடைத்தன; தபர்மக் மட்டும் கிடைக்கவில்லை. நகரெங்கும் தேடி, இறுதியில் அந்த ஒரு கடையில் கண்டெடுத்தனர். உலையிலிட்டதும் ஏனையவை எரிந்தொழிய, மாசற்ற பொன் எஞ்சியது. குராசானில் இப்பொருள் மலிந்து கிடக்கிறது என்றார் அவர். பெரும்பொருள் கொடுத்து அவரையே அனுப்பிவைத்தார் சுல்தான். சென்றவர் திரும்பவேயில்லை.

அந்நகரில் ஏமாளிகளின் பட்டியல் எழுதிய ஒருவன், சுல்தானின் பெயரை முதலில் வைத்தானாம். விசாரித்தபோது, அந்தப் பாரசீகர் திரும்பி வந்தால் தங்கள் பெயரை நீக்கிவிட்டு அவர் பெயரைச் சேர்த்துக்கொள்கிறேன் என்றானாம்.

இதனைப் பதிவு செய்தவர், ஏமாற்றுக்காரர்களின் தந்திரங்களை அம்பலப்படுத்தி ஹிஜ்ரி ஏழாம் நூற்றாண்டில் நூல் எழுதிய அல்-ஜவ்பரி. சுல்தான் மறைந்து ஏறத்தாழ அரை நூற்றாண்டு கழித்து எழுதப்பட்டதாதலின், நிகழ்ச்சி அவ்வாறே நடந்ததென அறுதியிட்டுக் கூறுவதற்கில்லை. எனினும், அறிவுடையோரும் இதை நம்பக்கூடிய சூழல் அக்காலத்தில் இருந்தது என்பது உண்மை.

ஜாபிர் இப்னு ஹய்யானின் பெயரால் வழங்கும் நூல்கள், உலோகங்கள் யாவும் கந்தகமும் பாதரசமும் சேர்ந்து உருவானவை என்று கூறின. அவற்றின் அளவும் தூய்மையும் வேறுபடுவதால்தான் ஒன்று ஈயமாகவும் மற்றொன்று பொன்னாகவும் அமைகிறது. அக்குறையைச் சீர்செய்யும் பொருளே இக்ஸீர். கோட்பாடு ஒழுங்காகவே இருந்தது. பொருள்தான் இல்லை.

இதனை மறுத்தவர்களும் அதே சமுதாயத்தில் தோன்றினர் என்பதை நாம் மறந்துவிடுகிறோம். பொன் செய்வோரின் கூற்றை அல்-கிந்தி மறுத்து எழுதினார்; அவருக்கு அல்-ராஸி மறுப்பு எழுதினார். இப்னு ஸீனா தமது ‘அஷ்-ஷிஃபா’வில், கைவினைஞர் உலோகத்திற்கு நிறமேற்றிப் போலி செய்யலாமேயன்றி அதன் இனத்தை மாற்ற இயலாது என்றார். காரூன் தன் செல்வத்தை அறிவினால் பெற்றதாகக் கூறிய வசனத்திற்கு (28:78), அவ்வறிவு கீமியாவே என்று சிலர் விளக்கம் தந்தனர். அதே டமாஸ்கஸில் வாழ்ந்த இமாம் இப்னு கஸீர் (ரஹ்) அவ்விளக்கத்தை ஏற்கவில்லை. பொருள்களின் மெய்த்தன்மையை மாற்றும் ஆற்றல் அல்லாஹ் ஒருவனுக்கே உரியது என்பது அவர் வாதம்.

இல்லாத பொருளைத் தேடிய முயற்சி முற்றிலும் வீணாகவுமில்லை. அல்-ராஸி (இறப்பு: 925) பொருள்களைக் கனிமம், தாவரம், விலங்கு எனப் பகுத்தார். உலை, வாலை முதலிய கருவிகளையும், வடித்தல், பதங்கமாக்கல் முதலிய செய்முறைகளையும் தெளிவுற விளக்கினார். பொன் கிடைக்கவில்லை, வேதியியலுக்கு வழி கிடைத்தது.

இங்கு ஒன்றைச் சிந்திக்க வேண்டும். சுல்தானின் அவையில் பரிசோதனை நடக்காமலில்லை. நடந்தது, பொன்னும் வந்தது. கேட்கப்படாத வினா ஒன்றே: இந்தப் பொருள் யாரிடமிருந்து இந்தக் கடைக்கு வந்தது? ஹதீஸ் கலை பயின்றோர் இவ்வினாவை நன்கறிவர். மத்னு எவ்வளவு அழகாயிருப்பினும் ஸனது எங்கே என்று கேட்பதே அக்கலையின் முதற்பாடம். டமாஸ்கஸில் தாருல் ஹதீஸை நிறுவிய பெருமை இதே நூருத்தீனுக்கு உண்டு. ஸனதை ஆராயும் கூடத்தைக் கட்டிய மன்னரே, ஸனது இல்லாத உருண்டையிடம் தோற்றார் என்பதே கதையின் கூர்மை.

நமக்கும் இதில் படிப்பினை உண்டு. ஜாபிரின் பெயரால் வழங்கும் நூல்கள் அனைத்தும் ஒருவரே எழுதியவையா என்பது இன்றும் ஆய்வுக்குரியது. அப்படி ஒருவர் வாழ்ந்ததே ஐயம் என்று நூல் வணிகர் சிலர் கூறியதை, ஹிஜ்ரி நான்காம் நூற்றாண்டிலேயே இப்னுந் நதீம் நேர்மையாகப் பதிவு செய்தார். அதை அவர் ஏற்கவில்லை என்பது வேறு. நம் மேடைகளிலோ, அதுவும் இதுவும் எம் முன்னோர் கண்டவை என்ற முழக்கம் ஸனதின்றி ஒலிக்கிறது. கேட்பதற்கு இனிமைதான், தபர்மக்கும் உலையில் பொன்னாகத்தான் மின்னியது. முன்னோரின் பெருமை மெய்யானது. அதற்குப் போலி உருண்டைகள் தேவையில்லை. எங்கிருந்து வந்தது என்று கேட்கக் கற்றுத் தந்ததே அவர்கள் விட்டுச்சென்ற பொன்.