டி. ஆர். மகாலிங்கம்: நாடக மேடையிலிருந்து திரைக்கு

டி. ஆர். மகாலிங்கம் (16 ஜூன் 1924 – 21 ஏப்ரல் 1978) தமிழ்த் திரைப்பட நடிகர், பாடகர், தயாரிப்பாளர். முழுப்பெயர் தென்கரை இராமகிருஷ்ணன் மகாலிங்கம். தென்கரை என்பது மதுரைக்கு வடமேற்கே, சோழவந்தானுக்கு எதிரே வையையின் தென்கரையில் உள்ள ஊர். நெல்லும் தென்னையும் வெற்றிலைக் கொடிக்காலும் நிறைந்த பகுதி அது.

அந்தக் காலத்தில் மதுரை வட்டாரத்தில் பாடத் தெரிந்த சிறுவனுக்கு நாடகக் கம்பெனி ஒரு பெரிய வாசல். சங்கரதாஸ் சுவாமிகள் 1918-இல் சிறுவர்களைக் கொண்டே ஒரு நாடக சபையை மதுரையில் தொடங்கியிருந்தார். ஒலிபெருக்கி இல்லாத கொட்டகையில் கடைசி வரிசைக்கும் கேட்கும்படி பாட வேண்டும். எனவே உச்சத்தில் நின்று பாடும் குரலுக்கே மதிப்பு. அப்படிப் பாடிப் புகழின் உச்சியில் இருந்தவர் எஸ். ஜி. கிட்டப்பா. சிறு வயதிலேயே மேடையேறிய மகாலிங்கத்தின் பாட்டில் கிட்டப்பாவின் சாயல் கடைசிவரை இருந்தது.

பேசும் படம் வந்தபோதும் நடிகரே பாட வேண்டியிருந்ததால், மேடைக் குரலுக்குத் திரையிலும் இடம் கிடைத்தது. ஏ. வி. மெய்யப்பன் தயாரித்த 'நந்தகுமார்' (1938) படத்தில் மகாலிங்கம் கண்ணனாக நடித்தார். அப்போது அவருக்கு வயது பதினான்குதான். இதில் ஒரு வேடிக்கை உண்டு. தமிழில் பின்னணிக் குரல் முதன்முதலாகப் பயன்பட்டதாகச் சொல்லப்படும் படமும் இதுவே. பாடத் தெரிந்தால்தான் நடிகர் என்ற நிலையை மாற்றப்போகும் முறை, பாட்டையே நம்பி வந்த சிறுவனின் முதல் படத்திலேயே நுழைந்துவிட்டது.

'ஸ்ரீவள்ளி' (1945) அவரைக் கதாநாயகன் ஆக்கியது. முருகனாக அவரும் வள்ளியாகக் குமாரி ருக்மணியும் நடித்தனர். படம் முடிந்த பிறகு ருக்மணியின் பாடல்களை நீக்கிவிட்டு பி. ஏ. பெரியநாயகியின் குரலைச் சேர்த்தார் மெய்யப்பன். மகாலிங்கத்துக்கு அந்தத் தேவை எழவில்லை. அடுத்து, காரைக்குடியில் எடுக்கப்பட்டு 1947 பொங்கலுக்கு வெளியான 'நாம் இருவர்' பாரதியார் பாடல்களால் பேர்பெற்றது. 1948-இல் 'வேதாள உலகம்', 'ஞானசௌந்தரி' இரண்டும் வந்தன. ஞானசௌந்தரி கதையை ஜெமினி நிறுவனமும் அதே ஆண்டில் படமாக்கியது. ஆனால் மகாலிங்கம் நடித்த சிட்டாடல் படமே மக்களிடம் நின்றது.

பிறகு சொந்தத் தயாரிப்பில் இறங்கினார். மகன் சுகுமாரின் பெயரில் தொடங்கிய நிறுவனம் 'மச்சரேகை' (1950), 'மோகனசுந்தரம்' (1951), 'சின்னதுரை' (1952), 'விளையாட்டு பொம்மை' (1954) முதலிய படங்களை எடுத்தது. சின்னதுரையை அவரே இயக்கவும் செய்தார். கையில் இருந்த பணம் கரைந்து கடன் சேர்ந்தது. இதற்கு அவரது திறமைக் குறைவைக் காரணம் சொல்வது சரியாகாது. 1952-இல் 'பராசக்தி' வந்தது. வசனம் அரியணை ஏறியது. பின்னணிப் பாடகர்கள் பெருகிவிட்டதால் பாடத் தெரியாத நடிகருக்கும் தடையில்லை. பாட்டுக்காகவே படம் பார்த்த காலம் அவர் கண்ணெதிரே முடிந்துகொண்டிருந்தது.

ஒதுங்கியிருந்தவரைத் திரும்ப அழைத்தவர் கவிஞர் கண்ணதாசன். அவர் தயாரித்த 'மாலையிட்ட மங்கை' (1958) படத்தில், விசுவநாதன் – ராமமூர்த்தி இசையில் மகாலிங்கம் பாடிய பாடல்கள் பட்டிதொட்டியெல்லாம் ஒலித்தன. நடிகை மனோரமாவுக்கு அதுதான் முதல் படம்.

இன்றைய தலைமுறை அவரை அறிந்திருப்பது ஏ. பி. நாகராஜனின் 'திருவிளையாடல்' (1965) மூலமாகத்தான். அதில் அவர் மதுரைக் கோயிலில் பாடும் பாணபத்திரர். செருக்கு மிகுந்த ஹேமநாத பாகவதருடன் போட்டியிட்டுப் பாடப் பாண்டியன் பணிக்க, தன்னால் ஆகாது என்று அஞ்சிச் சொக்கநாதரிடம் முறையிடும் பாத்திரம் அது. ஹேமநாதராக நடித்த டி. எஸ். பாலையாவுக்குப் பாலமுரளிகிருஷ்ணாவின் குரல்; விறகு வெட்டியாக வரும் சிவாஜி கணேசனுக்கு டி. எம். சௌந்தரராஜனின் குரல். பாட அஞ்சுகிறவராக நடித்த மகாலிங்கம் மட்டும் தம் சொந்தக் குரலில் பாடினார்.

'அகத்தியர்', 'திருநீலகண்டர்' (இரண்டும் 1972), 'ராஜராஜ சோழன்' (1973) ஆகியவை அவர் பிற்காலத்தில் நடித்த படங்கள்.